அனன்யாவின் ஏரி

ஹௌஸ் காஸ் கிராமத்தில் ஏரியைப் பார்த்த வீடுதான் வேண்டும் என்று பிடிவாதமாக நின்றவன் சுப்பையா. ஜ்யோத்ஸ்னாவுக்கு அதில் அவ்வளவு இஷ்டமில்லை. மூன்றாவது மாடி, லிஃப்ட் கிடையாது, சமையலறையில் ஒருவர் நின்றால் இன்னொருவர் நுழைய முடியாது. ஆனால் கூடத்து ஜன்னலைத் திறந்தால் ஏரி முழுசாகத் தெரிந்தது. கல்யாணமான புதிது. அவன் முகத்தைப் பார்த்துவிட்டுச் சரி என்றாள்.

தில்லிக்காரர்கள் அந்த இடத்தை இன்னும் கிராமம் என்றுதான் சொல்கிறார்கள். வளைந்து போகும் ஒரு சந்து, அதிலிருந்து பிரியும் முடுக்குகள், ஒன்றின் தோளில் ஒன்று ஏறி நிற்பதுபோல் மாடிகள். கீழே காபிக் கடைகளும் துணிக் கடைகளும், மேலே குடித்தனங்கள். சந்து முடிகிற இடத்தில் ஒரு கேட். அதைத் தாண்டினால் சுல்தான்கள் காலத்து மதரஸாவின் இடிபாடுகள், அவற்றின் மூலையில் பிரோஸ் ஷாவின் சமாதி, கீழே பச்சை நிறத் தண்ணீர். கோடையில் அந்தத் தண்ணீர் நாறும். மழைக்காலத்தில் அழகாகிவிடும். சுப்பையா திருநெல்வேலிக்காரன். அதைக் குளம் என்பான்.

"இவ்ளோ பெரிசா இருக்கு, லேக்னு சொல்லேன்" என்பாள் ஜ்யோத்ஸ்னா.

"எங்க பக்கம் இதைவிடப் பெரிசையே குளம்னுதான் சொல்லுவோம்."

அவள் மோதி பாக்கில் அரசாங்கக் குடியிருப்பில் பிறந்து வளர்ந்தவள். அப்பா அவள் கல்லூரியில் இருக்கும்போதே இறந்துவிட்டார். அம்மா காமாக்ஷி ஓர் அமைச்சகத்தில் அதிகாரி. ஜ்யோத்ஸ்னா நொய்டாவில் ஒரு செய்தி நிறுவனத்தில் வீடியோ எடிட்டராக இருந்தாள், சுப்பையா குர்கானில் ஒரு நிதி நிறுவனத்தில். ஜாதி வேறு என்பதால் காமாக்ஷி ஒரு வருஷம் முரண்டு பிடித்தாள். பிறகு மலை மந்திர் முருகன் கோயிலில் தானே முன்னால் நின்று கல்யாணத்தை நடத்தி வைத்தாள்.

அனன்யா அந்த வீட்டுக்குத்தான் பிறந்து வந்தாள். அவளுக்கு ஊர் என்றால் அந்தச் சந்து, உலகம் என்றால் அந்த ஏரி. பேச வந்தபோது தமிழும் ஹிந்தியும் ஒன்றாகவே வந்தன. ஏரியை ஜீல் என்றாள். ஞாயிற்றுக்கிழமை காலையில் அப்பா தோளில் உட்கார்ந்துகொண்டு ஏரியைச் சுற்றி வருவாள். வழியில் இருந்த ஒவ்வொன்றுக்கும் அவளிடம் ஒரு பேர் இருந்தது.

பிரோஸ் ஷாவின் சமாதிக்குள் முதல் முறை போனபோது, உள்ளே யார் என்று கேட்டாள். ஒரு ராஜா, ரொம்ப வருஷமாகத் தூங்குகிறார் என்றான் சுப்பையா.

"மோதி பாக் தாத்தா மாதிரியா?"

மோதி பாக் வீட்டில் மாலை போட்ட படமாகத்தான் அவள் தாத்தாவைப் பார்த்திருந்தாள். ஆமாம் என்றான். அன்றிலிருந்து அது தாத்தா வீடு. அங்கே நுனிக்காலில்தான் நடப்பாள். புல்வெளியில் தூண்கள்மேல் கவிழ்ந்திருந்த சின்னக் கும்மட்டங்கள் எல்லாம் குடைகள். எட்டுத் தூண் உள்ளது அப்பா குடை, ஆறு தூண் உள்ளது அம்மா குடை. அக்கரையில் மேல்கூரை இல்லாத ஒரு மண்டபம் இருக்கிறது. அதை முண்டா கும்பட் என்பார்கள். முண்டா என்றால் மொட்டை என்று ஜ்யோத்ஸ்னா சொன்னதும் குழந்தைக்குச் சிரிப்பு அடங்கவில்லை. மலை மந்திரில் அவளுக்கு முடியிறக்கியபோது எடுத்த படத்தைக் கொண்டுவந்து, அதை அந்த மண்டபத்தின் பக்கம் தூக்கிக் காட்டினாள். வாத்துகள் கரையேறும் படித்துறைக்குப் பத்தக் ஸ்டேஷன், அதாவது வாத்து ஸ்டேஷன், என்று பேர். அங்கே வந்ததும் மெட்ரோவில் அடுத்த ஸ்டேஷனைச் சொல்கிற குரலில், "அக்லா ஸ்டேஷன், பத்தக் ஸ்டேஷன்" என்று அறிவிப்பாள். சுப்பையா நிற்க வேண்டும், அவள் இறங்குவாள்.

அவளுக்கு ஆறு வயது நடந்த வருஷம், ஜூலையில் மழை விடவில்லை. ஞாயிறு நடை தொடர்ந்து தடைப்பட்டது. ஜன்னலில் முகத்தை வைத்துக்கொண்டு அழுதாள். சுப்பையா கடைத்தெருவுக்குப் போய் அகலமான கறுப்பு பிளாஸ்டிக் டப் ஒன்றை வாங்கி வந்தான். மொட்டை மாடியில் தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் அதை வைத்தான். உடைந்த செங்கல்லை அடுக்கிக் கரை கட்டினான். களிமண்ணில் தாத்தா வீடு செய்தான், பாட்டில் மூடிகளைக் குச்சிகள்மேல் ஒட்டிக் குடைகள் செய்தான். மழையே அதை நிரப்பியது. அனன்யா பிளாஸ்டிக் வாத்துகளை விட்டாள். ஜ்யோத்ஸ்னா ஒரு அட்டைத்துண்டில் 'அனன்யா ஜீல்' என்று எழுதிக் கரையில் செருகினாள். அவளுக்கு எழுதத் தெரிந்த கொஞ்சத் தமிழ் எழுத்தில்தான் எழுதினாள், ஜீ கொஞ்சம் கோணலாக வந்தது.

பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் பையைக்கூடக் கழற்றாமல் குழந்தை மாடிக்கு ஓடினாள். கீழ் வீட்டில் இருந்த வீட்டுக்காரி பிம்லா, படியேறுகிற சத்தத்தை வைத்தே மணி நாலாகிவிட்டது என்று சொல்லிவிடுவாள்.

தசரா விடுமுறையில் காய்ச்சல் வந்தது. டெங்கு என்று பரிசோதனையில் தெரிந்தது. அந்த வருஷம் தில்லியில் நிறையப் பேருக்கு இருந்தது. தண்ணீர் நிறையக் கொடுங்கள், கவனமாகப் பாருங்கள் என்றார் டாக்டர். பார்த்தார்கள். இருவரும் வேலைக்குப் போகவில்லை. ஒரு நாள் காலை உடம்பு குளிர்ந்திருந்தது. அனன்யா தோசை கேட்டாள். பாதி தின்றாள். ஜ்யோத்ஸ்னா அம்மாவுக்கு ஃபோன் பண்ணி, "ஜுரம் விட்டுடுத்தும்மா, பசிக்கறதுன்னு சொல்லிச் சாப்பிட்டா" என்று சொன்னாள். சொல்லும்போதே அவளுக்கு அழுகை வந்தது. சுப்பையா வெகுநாள் கழித்து முகம் மழித்துக்கொண்டான்.

சாயங்காலம் குழந்தை வயிறு வலிக்கிறது என்றாள். கை சில்லிட்டிருந்தது. ஆட்டோவில் ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியெல்லாம் சுப்பையா அந்தக் கையை இரண்டு கைகளாலும் தேய்த்துக்கொண்டே வந்தான். ஆஸ்பத்திரியில் முடிந்ததெல்லாம் செய்தார்கள். மறுநாள் மத்தியானம் அனன்யா இறந்துவிட்டாள்.

இந்தக் காய்ச்சலில் ஜுரம் விட்ட பிறகு வருகிற நாள்தான் மோசமான நாள், சில குழந்தைகளுக்கு இப்படித் திடீரென்று ஆகிவிடுகிறது என்றாள் ஆஸ்பத்திரி டாக்டர். சின்ன வயசுப் பெண். யாரும் எந்தத் தப்பும் பண்ணவில்லை என்று திரும்பத் திரும்பச் சொன்னாள். அவள் கண்ணும் கலங்கியிருந்தது. சுப்பையா அவளுக்கு நன்றி சொன்னான். ஏன் சொன்னான் என்று அவனுக்கே தெரியவில்லை.

காரியமெல்லாம் முடிந்து, வந்தவர்கள் போன பிறகு, ஒரு காலை வேளையில் கார்ப்பரேஷன் ஆட்கள் வந்தார்கள். டெங்கு வந்த வீடுகளுக்கு அவர்கள் வருவது வழக்கம். ஜ்யோத்ஸ்னா உள்ளே சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். சுப்பையா கதவைத் திறந்தான். டார்ச் வைத்திருந்த நடுத்தர வயதுப் பெண் ஒருத்தி, கூலர் இருக்கிறதா, பூந்தொட்டி இருக்கிறதா என்று ஹிந்தியில் கேட்டுக்கொண்டே எல்லாவற்றையும் பார்த்தாள். பிறகு மாடிக்கு வழி கேட்டாள்.

மாடியில் அவள் நேராக டப்பிடம் போனாள். குனிந்து டார்ச் அடித்தாள். தண்ணீரைக் கையால் லேசாக அசைத்தாள்.

"இதோ பாருங்க பாயி சாப். லார்வா."

சுப்பையா பார்த்தான். நூல் துண்டுபோலச் சிறுசாக, வளைந்து வளைந்து, நிறைய. வாத்துகளுக்கு அடியில், தாத்தா வீட்டைச் சுற்றி, குடைகளின் நிழலில் எல்லாம் அவை துள்ளிக்கொண்டிருந்தன.

"சுத்தமான தண்ணியிலதான் இது வளரும். வீட்டுல குழந்தைங்க இருக்கா?"

"தீ" என்றான் சுப்பையா. இருந்தாள் என்பதற்கு ஹிந்தியில் அந்த ஓரெழுத்துப் போதும்.

அந்தப் பெண் டார்ச்சை அணைத்தாள். பிறகு, "பாயி சாப், இதுலேருந்துதான்னு யாராலும் சொல்ல முடியாது. ஸ்கூல்ல இருக்கும், பார்க்ல இருக்கும், பக்கத்து மாடியில இருக்கும். நாங்க தினம் பார்க்கறோம். மனசுல ஏத்திக்காதீங்க" என்றாள். வாத்துகளையும் அந்த அட்டையையும் எடுத்துத் தனியே வைத்துவிட்டு, டப்பைச் சாய்த்தாள். தண்ணீர் மாடி முழுக்க ஓடி, குழாய் வழியே இறங்கும் சத்தம் கேட்டது. களிமண் வீடு கரைந்து ஒரு பக்கமாகச் சரிந்தது. டப்பைத் தொட்டிக்குப் பின்னால் கவிழ்த்து வைத்துவிட்டு அவள் படியிறங்கிப் போனாள்.

சுப்பையா கீழே வந்தான். "யாரு?" என்றாள் ஜ்யோத்ஸ்னா, திரும்பாமலே.

"கார்ப்பரேஷன்லேர்ந்து. சும்மா பாத்துட்டுப் போனாங்க."

அதற்கு மேல் அவனால் சொல்ல முடியவில்லை. அவள் தன்மேல் கோபப்படுவாள் என்ற பயம் மட்டுமல்ல. அனன்யாவைச் சந்தோஷமாக நினைத்துப் பார்க்க முடிகிற இடம் ஒன்று மிச்சம் இருந்தது, அது அந்த டப்தான். அவள் தலையைக் குனிந்து, நாக்கைத் துருத்திக்கொண்டு, வாத்தை ஒரு விரலால் தள்ளுகிற காட்சி. அதையும் ஜ்யோத்ஸ்னாவிடமிருந்து பிடுங்க அவனுக்கு மனசில்லை. அவனிடமிருந்து அது ஏற்கெனவே போய்விட்டது.

ஜ்யோத்ஸ்னா ஜன்னலைச் சாத்தினாள். பிறகு அதன் விளிம்பெல்லாம் அட்டைப்பெட்டி ஒட்டுகிற டேப்பை ஒட்டினாள். திரையை இழுத்துவிட்டாள். ஏரி மறைந்தது. பகலிலும் விளக்குப் போட்டுக்கொண்டு இருந்தார்கள். பிம்லா சப்பாத்தி கொண்டுவரும்போது, காற்று வரட்டுமே என்று சொல்லித் திரைப்பக்கம் கை நீட்டினால், ஜ்யோத்ஸ்னா எழுந்து போய் நடுவில் நின்றுகொள்வாள்.

"இந்த ஜீல்தான்" என்றாள் ஒரு நாள். "அழுக்குத் தண்ணி. பாசி. ராத்திரி பகல் கொசு. யார் இங்கே குழந்தையை வச்சிண்டு இருப்பா?"

ஆஸ்பத்திரியில் டாக்டர் சொன்னது அவளுக்கும் தெரியும், டெங்குக் கொசு சுத்தமான தண்ணீரில்தான் வளரும், ஏரியில் வளர்கிற கொசு இல்லை என்று. அவள் அதைக் கேட்டுக்கொள்ளத் தயாராக இல்லை.

"நீதான் ஏரி வேணும்னே. நான் கேக்கலை. மோதி பாக்ல அம்மா பக்கத்துல இருக்கலாம்னு எத்தனை தடவை சொன்னேன்."

"ஆமா" என்றான்.

"என்ன ஆமா? எதுக்கெடுத்தாலும் ஆமாங்கறே. இல்லைன்னு ஒரு தடவை சொல்லேன். சண்டை போடேன் என்னோட."

அவன் சண்டை போடவில்லை. ஏரி வேண்டும் என்று கேட்டவன் அவன்தான், மழையில் இன்னொரு ஏரியைக் கட்டியவனும் அவன்தான். எதற்கு இல்லை என்று சொல்வது? அவனுடைய மௌனம் அவளுக்கு அனலாக இருந்தது. நவம்பரில் காற்று கறுத்துப் புகைமண்டிக் கிடந்த ஒரு காலையில், ஒரு பெட்டியை எடுத்துக்கொண்டு அம்மா வீட்டுக்குப் போனாள். அவன் பெட்டியைக் கீழே வரைக்கும் கொண்டுவந்து டாக்ஸியில் வைத்தான்.

குளிர்காலம் முழுக்க அவன் தனியே இருந்தான். டேப்பைப் பிரிக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் சில சமயம் மோதி பாக் போவான். காமாக்ஷி காபி கொடுத்து, ஆபீஸ் விஷயம் கேட்பாள். ஜ்யோத்ஸ்னா சில நாள் அறையிலிருந்து வரவே மாட்டாள், சில நாள் வந்து எதிரே உட்கார்ந்து ஷாலைப் போர்த்திக்கொண்டு ஹீட்டரைப் பார்த்துக்கொண்டிருப்பாள். ஒரு தடவை அவள் எழுந்து போன பிறகு காமாக்ஷி குரலைத் தாழ்த்தி, "அவ தூங்கறதே இல்லை. பெங்களூர் ஆபீஸுக்கு மாத்தல் கேட்டிருக்கா. உங்ககிட்ட சொன்னாளோ?" என்று கேட்டாள்.

சொல்லவில்லை என்று தலையாட்டினான்.

"நான் என்ன சொல்றது சொல்லுங்கோ. போகாதேன்னு சொல்ல எனக்கு வாய் வரலை. இருன்னு சொல்றதுக்கும் இந்த ஊர்ல என்ன இருக்கு அவளுக்கு?" காமாக்ஷி புடவைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "உங்களுக்கும்தான்."

பிப்ரவரியில், வெயில் இதமாக அடித்த ஒரு சனிக்கிழமை, தன் சாமான்களை எடுத்துக்கொள்ள ஜ்யோத்ஸ்னா வந்தாள். அட்டைப்பெட்டிகளைச் சுப்பையா தயாராக வைத்திருந்தான். புடவை, புத்தகம், லேப்டாப் என்று எடுத்து வைத்தார்கள். குழந்தையின் அலமாரியை இருவருமே திறக்கவில்லை. கொடியில் காயப்போட்ட போர்வை ஒன்று மாடியில் இருக்கிறது என்று அவன் சொன்னபோது, "நானும் வரேன்" என்றாள். அவன் வேண்டாம் என்று சொல்வதற்குள் படியேறத் தொடங்கிவிட்டாள்.

மாடியில் அவள் போர்வையைப் பார்க்கவில்லை. தண்ணீர்த் தொட்டியின் பின்னால் போனாள். கவிழ்ந்து கிடந்த டப்பை நிமிர்த்தினாள். உள்ளே காய்ந்த மண் ஒரு பக்கமாக ஒட்டிப் பொரிந்திருந்தது. ஒரு பாட்டில் மூடி அதில் சிக்கியிருந்தது.

"யார் கவுத்தா?"

சுப்பையா கொடியைப் பிடித்துக்கொண்டு நின்றான். "கார்ப்பரேஷன்காரங்க. அன்னைக்கு வந்தாங்கள்ல. நீ உள்ள படுத்திருந்த."

"புழு இருந்ததா?"

அவன் போர்வையைக் கொடியிலிருந்து உருவத் தொடங்கினான்.

"சுப்பு. இருந்ததா?"

"இருந்துச்சு" என்றான். "உங்கிட்ட சொல்லணும்னுதான் நெனச்சேன் ஜோ. வாய் வரல. நான்தானே வாங்கிட்டு வந்தேன், நான்தானே கட்டினேன். வாரம் ஒரு தடவை தண்ணி மாத்தணும்னு எனக்குத் தோணவே இல்ல. மழைத்தண்ணிதானேன்னு விட்டுட்டேன். நீ குளத்தத் திட்டும்போதெல்லாம், திட்டட்டும்னு இருந்துட்டேன்."

ஜ்யோத்ஸ்னா டப்பின் விளிம்பைப் பிடித்தபடியே தரையில் உட்கார்ந்தாள். அவள் கத்துவாள் என்று எதிர்பார்த்தான். அவள் ஃபோனை எடுத்து, எதையோ தேடி, அவன் பக்கம் நீட்டினாள்.

அதில் அனன்யா இருந்தாள். பள்ளிக்கூட உடை, முதுகில் பை. டப்பின்மேல் குனிந்துகொண்டு, "அம்மா, தேக்கோ, மச்லி கே பச்சே. என் ஜீல்ல மீன் வந்துடுத்து" என்கிறாள். தண்ணீருக்குப் பக்கத்தில் கேமரா போகிறது. சின்னச் சின்னதாக ஏதோ துள்ளுகின்றன. "ஐயோ, எத்தனை குட்டி. அப்பாகிட்ட சொல்லாதே, சர்ப்ரைஸ்" என்று ஜ்யோத்ஸ்னாவின் குரல் சிரித்துக்கொண்டே சொல்கிறது. குழந்தை விரலை உதட்டில் வைத்துக்கொண்டு கேமராவைப் பார்க்கிறாள். அத்தோடு முடிந்துவிட்டது.

"உன் பர்த்டேக்குக் காட்டலாம்னு வச்சிருந்தேன்" என்றாள் ஜ்யோத்ஸ்னா. "தவளைக் குஞ்சோ மீன் குஞ்சோன்னுதான் நினைச்சேன். சிரிச்சிண்டிருக்கேன் சுப்பு. கேட்டியா நீ, நான் சிரிச்சிண்டிருக்கேன்."

அவன் அவள் அருகில் உட்கார்ந்தான்.

"ஆஸ்பத்திரியில அந்த டாக்டர் சுத்தமான தண்ணின்னு சொன்னாளே, அப்பவே எனக்குத் தெரிஞ்சு போச்சு. உங்கிட்ட எப்படிச் சொல்றது? நீ அவளுக்காக அவ்ளோ ஆசையாப் பண்ணினது. அதுதான் ஜீல் ஜீல்னு கத்தினேன். ஏரியைத் திட்டினா அது திருப்பிக் கேக்காது."

"இதுலேர்ந்துதான் கடிச்சுதுன்னு யாருக்கும் தெரியாது ஜோ. வந்த அம்மாவே சொல்லிச்சு. ஸ்கூல்லயா இருக்கும், பார்க்லயா இருக்கும்னு."

"தெரியாது" என்றாள். "தெரியவே போறதில்லை."

அவன் அவள் தோளில் கை வைத்தான். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு அவள் அதை அனுமதித்தது அதுதான் முதல் தடவை. அவள் அவன்மேல் சாய்ந்து, வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். அவனும் அழுதான். பக்கத்து மாடியில் துணி உலர்த்திக்கொண்டிருந்த ஒருத்தி பார்த்துவிட்டு, வாளியை எடுத்துக்கொண்டு மெதுவாக உள்ளே போய்விட்டாள்.

வெகு நேரம் கழித்து ஜ்யோத்ஸ்னா முகத்தைத் துடைத்துக்கொண்டு, "கீழே போகலாமா? ஜீலை ஒரு தடவை பார்த்துட்டுப் போறேன்" என்றாள்.

டிக்கெட் வாங்கிக்கொண்டு உள்ளே போனார்கள். சனிக்கிழமைக் கூட்டம். காலேஜ் பிள்ளைகள் மதரஸாவின் உப்பரிகைகளில் உட்கார்ந்து படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். யாரோ கிடார் வாசித்தார்கள். சமாதியின் வாசலில் ஜ்யோத்ஸ்னா நின்றாள். உள்ளே ஒரு பள்ளிக்கூடக் கூட்டம் சத்தம் போட்டுக்கொண்டிருந்தது. எதிரொலி கேட்பதற்காக ஒவ்வொரு குழந்தையாகக் கத்திப் பார்த்தது. அவள் உள்ளே போகவில்லை. சுப்பையா மட்டும் செருப்பைக் கழற்றிவிட்டு நுழைந்து, சற்று நின்றுவிட்டு வந்தான்.

புல்வெளியில் எட்டுத் தூண் மண்டபத்தில் உட்கார்ந்தார்கள். அங்கிருந்து ஏரி முழுவதும் தெரிந்தது. அக்கரையில் யாரோ வாத்துகளுக்கு ரொட்டி வீசினார்கள்.

மனசில் இருந்த பாரம் இறங்கிவிட்டதுபோல் சுப்பையாவுக்குத் தோன்றியது. இனி ஒளிக்க ஒன்றும் இல்லை. இனி அவள் வருவாள் என்று நினைத்தான். வேறு வீடு பார்க்கலாம், துவாரகாவிலோ எங்கேயோ, தரைத்தளமாக.

"வந்துருதியா ஜோ?" என்று கேட்டான்.

அவள் அவன் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். "உன்மேல கோபம் இல்லை. இப்போ கொஞ்சம்கூட இல்லை. அதுதான் உங்கிட்ட சொல்லணும்."

"பிறகு என்ன?"

"நாம ரெண்டு பேரும் ஒரு ரூம்ல இருந்தா, அவ இல்லைங்கறது மட்டும்தான் அந்த ரூம்ல இருக்கு. நீ இருமினா அவ ஞாபகம். நீ சாவியைத் தேடினா அவ ஞாபகம். உன் மூக்கு அவ மூக்கு. உன்னைப் பார்க்கப் பார்க்க எனக்கு ஆசையாவும் இருக்கு, ஓடிப் போயிடலாம் போலவும் இருக்கு. என்னால முடியலை சுப்பு."

"எப்போ போற?"

"மார்ச் முதல் வாரம்."

"ஃப்ளாட் பாத்துட்டியா?"

"ஆபீஸ்ல ஒரு பொண்ணு இருக்கா. அவளோட."

அவன் தலையாட்டினான். சண்டை போடு என்று அவள் முன்பு கேட்டது நினைவுக்கு வந்தது. இப்போது போட்டிருக்கலாம். போகாதே என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் அவள் இருந்துவிடுவாள் என்றுகூட ஒரு கணம் தோன்றியது. இருந்து, டேப் ஒட்டிய ஜன்னலைப் போல ஆகிவிடுவாள் என்றும் தோன்றியது. அவன் சொல்லவில்லை.

சாயங்காலம் பெட்டிகளோடு இருவரும் மோதி பாக் போனார்கள். அவன் எல்லாவற்றையும் மேலே கொண்டுபோய் வைத்தான். காமாக்ஷி இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். ஏதோ நல்லது நடந்துவிட்டதென்று நினைத்து அவசர அவசரமாகச் சேமியா பாயசம் வைத்தாள். அது அப்படியில்லை என்று தெரிந்த பிறகும், பேசாமல் அதைக் கிண்ணங்களில் விட்டுக் கொடுத்தாள். மூவரும் குடித்தார்கள்.

மார்ச்சில் ஜ்யோத்ஸ்னா போனாள். விமான நிலையத்துக்குக் காமாக்ஷிதான் போனாள். அன்று சுப்பையா வழக்கம்போல் ஆபீஸ் போய், மதியம் வரைக்கும் வேலை செய்தான். பிறகு கழிப்பறைக்குள் போய்க் கதவைத் தாழிட்டுக்கொண்டு, மேலதிகாரி வந்து கதவைத் தட்டும்வரை வெளியே வரவில்லை.

ஏப்ரலில் அவன் வீட்டைக் காலி செய்தான். குழந்தையின் அலமாரியைப் பிம்லாதான் திறந்து, உடைகளை மடித்து, ஒரு பெட்டியில் வைத்துக் கொடுத்தாள். அவனைக் கூடத்தில் உட்காரச் சொல்லிவிட்டு, தானே எல்லாவற்றையும் செய்தாள். போகும்போது அவன் தலையில் கை வைத்து, அவளுடைய ஹரியானாப் பேச்சில் என்னவோ சொன்னாள். அவனுக்குப் புரியவில்லை. புரிந்ததுபோல் தலையசைத்தான். முனீர்காவில் ஓர் அறை எடுத்துக்கொண்டான். அதன் ஜன்னல் இன்னொரு வீட்டின் சுவரைப் பார்த்திருந்தது.

விவாகரத்து என்ற பேச்சை இருவரும் எடுக்கவில்லை. எப்போதாவது ஃபோனில் பேசிக்கொண்டார்கள். அம்மாவுக்கு ரத்த அழுத்தம் பார்த்தாயா, பாங்கில் கையெழுத்துப் போட்டாயா, அவ்வளவுதான்.

ஜூனில் ஒரு ஞாயிறு மத்தியானம் அவள் கூப்பிட்டாள். பின்னால் பாத்திரச் சத்தம் கேட்டது.

"உங்க ஊர் சொதி பண்ணிண்டிருக்கேன். நீ பண்ணுவியே, அது மாதிரி. ரெண்டாம் தேங்காப்பால் முதல்லதானே?"

"ஆமா. காயெல்லாம் ரெண்டாம் பால்லதான் வேகணும். பாசிப்பருப்பு போட்டியா?"

"போட்டேன். இஞ்சி?"

"அரைச்சுச் சாறு மட்டும். தலைப்பால் ஊத்தின பிறகு கொதிக்க விட்டுராத, திரிஞ்சிரும்."

"அச்சா. இரு, ஸ்பீக்கர்ல போடறேன்."

அவன் கட்டிலில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தான். கரண்டி பாத்திரத்தில் உரசுவது கேட்டது. குழாய் திறந்து மூடியது. அவள் ஏதோ முணுமுணுத்தாள். அடுப்பு அணைந்த சத்தம் வந்தது.

"எலுமிச்சம்பழம் இறக்கின பிறகு" என்றான்.

"ஞாபகம் இருக்கு." சற்று நேரம் கழித்து, "நன்னா வந்திருக்கு. வாசனை அப்படியே இருக்கு. ஆனா ஒருத்திக்கு ரொம்ப ஜாஸ்தியாயிடுத்து சுப்பு" என்றாள்.

"உங்கூட இருக்க பொண்ணு?"

"அவ ஊருக்குப் போயிருக்கா."

"நாளைக்கு வச்சுச் சாப்பிடேன்."

"மறுநாளைக்கு நன்னா இருக்காதுன்னு நீதானே சொல்லுவே."

எதிர்ச் சுவரில் மத்தியான வெயில் விழுந்துகொண்டிருந்தது.

"அப்ப இன்னைக்கே முடிஞ்ச மட்டும் சாப்பிடு" என்றான்.